மூன்று நொடி வரி

மறுபடியும் வரவில்லை. கறுப்புத் திரை வந்தது, பனி மூடிய மலை வந்தது, மலைக்கு மேலே செம்பு நிறத்தில் அந்தச் சிறகுச் சின்னம் வந்தது, முரசு அடித்தது, எல்லாம் வந்தது, அந்த ஒரு வரி மட்டும் வரவில்லை. ஆறாவது தடவை. இதைச் செய்தவன் குறிப்பில் தெளிவாகத்தான் போட்டிருக்கிறான். கோப்புகளை கம்ப்யூட்டரில் ஆட்டம் இருக்கிற ஃபோல்டருக்குள் போடு, பழையதை அழிக்கட்டுமா என்று கேட்டால் ஆமாம் என்று சொல், ஆட்டத்தைத் திற, திறந்ததும் திரையில் வெள்ளை எழுத்தில் ஒரு வரி மூன்று நொடி வரும், வந்தால் சரியாக ஏறிவிட்டது என்று அர்த்தம், வராவிட்டால் ஏறவில்லை, முதலிலிருந்து செய். முதலிலிருந்துதான் செய்துகொண்டிருக்கிறேன். காலை பத்தரைக்கு உட்கார்ந்தவன், இப்போது மணி ஒன்றே முக்கால். ஞாயிற்றுக்கிழமை, பக்கத்து பனியன் கம்பெனியின் மிஷின் சத்தம் இல்லாத ஒரே நாள். திருப்பூரில் இப்படி ஒரு அமைதி வாரத்துக்கு ஒரு தடவைதான் கிடைக்கும், அதை ஜன்னலில் போர்வை கட்டி இருட்டாக்கிய இந்த அறைக்குள் வைத்துச் செலவழித்துக்கொண்டிருக்கிறேன். போர்வை எதற்கென்றால் வெளிச்சம் திரையில் விழுந்தால் படம் மங்கலாக இருக்கிறது. எனக்கு மங்கலாக இருக்கிறது. திரை பழையது, அதனால் இருக்கும். சித்திரை வெயில் போர்வை வழியாகவே உள்ளே வந்து கழுத்தில் உட்கார்ந்திருக்கிறது. இந்த ஆட்டம் பன்னிரண்டு வருடப் பழைய ஆட்டம். வாள், மந்திரம், டிராகன், பனிமலை, நூறு குகை. பழைய ஆட்டத்தின் கல்லையும் மரத்தையும் தண்ணீரையும் வானத்தையும் உலகத்தின் எந்தெந்த மூலையிலோ இருக்கிறவர்கள் புதிதாகச் செய்து சும்மா கொடுக்கிறார்கள், மோடு என்று பெயர், ஒவ்வொன்றாக எடுத்து ஏற்றினால் நேற்றுச் செய்த ஆட்டம் மாதிரி ஆகிவிடும். நூற்றுப் பதினான்கு மோடு ஏற்றிவிட்டேன். புல்லுக்கு ஒன்று, பனிக்கு ஒன்று, குதிரையின் பிடரி மயிருக்கு ஒன்று. அதெல்லாம் ஏறிவிட்டது. இந்த நூற்றுப் பதினைந்தாவது வெளிச்சத்துக்கு. வெளிச்சம்தான் ஏற மாட்டேன் என்கிறது.

வெளிச்சத்துக்கு இது மூன்றாவது மோடு என்பதையும் சொல்ல வேண்டும். முதலில் போட்டது போதவில்லை. குகைக்குள் இறங்கினால் படி எங்கே முடிகிறது, பள்ளம் எங்கே ஆரம்பிக்கிறது என்று தெரியாமல் விழுந்து விழுந்து செத்தேன், எதிரி எவனும் வெட்டாமலேயே. இரண்டாவதைப் போட்டேன், பந்தம் கொஞ்சம் பிரகாசமானது, பந்தத்தைச் சுற்றி மட்டும். பக்கச் சுவர் அப்படியே இருட்டு. இந்த மூன்றாவதைப் பற்றி எல்லோரும் எழுதியிருக்கிறார்கள், இதைப் போட்ட பிறகு கண் திறந்தது மாதிரி இருக்கிறது என்று. செய்தவன் முன்னால் பின்னால் என்று இரண்டு படம் ஒட்டிக் காட்டியிருக்கிறான். அந்த இரண்டு படத்தையும் பதினைந்து நிமிடம் பார்த்தேன். நான் பார்க்கிறேன் என்றால் சும்மா ஆள் பார்க்கிற பார்வை இல்லை. பத்தொன்பது வருடமாகச் சாயப்பட்டறை லேபில் எனக்கு அதுதான் வேலை, இரண்டு துணியைப் பக்கத்தில் பக்கத்தில் வைத்து இதுவும் அதுவும் ஒரே நிறமா என்று சொல்வது. லைட் பாக்ஸுக்குள் வைத்துப் பார்த்து, ஒரு மயிரிழை சிவப்பு கூட, ஒரு மயிரிழை பச்சை குறைச்சல் என்பேன், அப்புறம் நிறம் அளக்கிற மிஷினில் வைத்தால் மிஷினும் அதையே சொல்லும். லோகநாதன் கண்ணு என்று மேனேஜர் வெளிநாட்டுக்காரர்களிடம் என்னைக் காட்டுவார், ஆளைச் சொல்ல மாட்டார், கண்ணைத்தான் சொல்வார். அந்தக் கண்ணால் பார்த்தேன் அந்த இரண்டு படத்தையும். வித்தியாசம் தெரிந்தது. தெரிந்த மாதிரி இருந்தது. முன்னால் என்று எழுதியிருந்ததால் இது மங்கல், பின்னால் என்று எழுதியிருந்ததால் இது தெளிவு என்று நினைத்துக்கொண்டேனோ என்னவோ. எழுத்தைக் கையால் மறைத்துக்கொண்டு பார்த்தேன். பிறகு கையை எடுத்துவிட்டு வேறு வேலை பார்த்தேன்.

நாளைக்குக் காலை பத்து மணிக்குப் பரீட்சை. அதை நினைக்கக் கூடாது என்றுதான் உட்கார்ந்தேன். துணி வாங்குகிற கம்பெனிக்காரர்களின் சட்டம், நிறம் பார்க்கிற ஆளுக்கு வருடத்துக்கு ஒரு தடவை கண் பரீட்சை வைக்க வேண்டும். நாலு நீளப் பெட்டி, எண்பத்தைந்து வட்ட மூடி, ஒவ்வொரு மூடியிலும் ஒரு நிறம், பக்கத்து மூடிக்கும் அதற்கும் இம்மி வித்தியாசம். கலைத்துப் போடுவார்கள், வரிசையாக அடுக்க வேண்டும். முதல் வருடம் நான் அடுக்கியபோது இரண்டே தப்பு, சுற்றி நின்றவர்கள் கை தட்டினார்கள். போன வருடம் மூன்றாவது பெட்டியில், அந்தப் பச்சையிலிருந்து நீலத்துக்குப் போகிற பெட்டியில், மூடிகள் எல்லாம் ஒரே மூடியாகத் தெரிந்தன. அன்றைக்கு ஜுரம் என்று சொன்னேன். ஜுரம் இருந்தது. கொஞ்சம் இருந்தது. இந்தத் தை மாதம் ஒரு நேவி ப்ளூவைச் சரி என்று அனுப்பிவிட்டேன், போன துணி திரும்பி வந்தது. மிஷின்மேல் பழியைப் போட்டேன். மிஷினுக்கு வாய் கிடையாது.

“ஏனுங்க, சோறு ஆறுதுங்க.”

பரிமளா. கதவுக்கு வெளியே நின்றுகொண்டு கூப்பிடுகிறாள், கதவைத் திறந்தால் வெளிச்சம் வரும், நான் கத்துவேன் என்று தெரியும்.

“சித்தெ இரு, வர்றேன்.”

“இந்தச் சித்தெ பன்னண்டு மணில இருந்து நடக்குதுங்க.”

போய்ச் சாப்பிட்டேன். கறிக்குழம்பு. தட்டுக்கு வலதுபக்கம் தண்ணீர்ச் சொம்பு. குனிந்து சாப்பிட்டுக்கொண்டே இருந்தேன், வாய் மென்றது, மனசு ஃபோல்டருக்குள்ளேயே திரிந்தது. ஒருவேளை முன்னால் போட்ட இரண்டாவது மோடின் மிச்சம் எங்கேயாவது ஒட்டிக்கொண்டு இதை வரவிடாமல் செய்கிறதோ. ஒன்றை எடுத்தாலும் அதன் வேர் இருக்கும். மறுசோறு போடட்டுமா என்று பரிமளா கேட்டிருக்கிறாள், இரண்டு தடவை கேட்டிருக்கிறாள், எங்கிருந்து கேட்கிறாள் என்று திரும்பிப் பார்த்தால் எனக்கு இடதுபக்கம் கரண்டியோடு உட்கார்ந்திருக்கிறாள். எப்போது வந்து உட்கார்ந்தாள். இவள் பூனை மாதிரி நடக்கிறாள். அப்படித்தான் இருக்கும். பங்குனியில் அவினாசி ரோட்டில் ஒரு பெண்ணும் அப்படித்தான் வந்தாள், ஸ்கூட்டரில், இடதுபக்கத்திலிருந்து, இல்லாத இடத்திலிருந்து முளைத்த மாதிரி. என் பைக்கின் ஹேண்டில்பார் அவளுடைய ஸ்கூட்டர் கண்ணாடியில் இடித்தது. அவள் காலை ஊன்றி நின்றுவிட்டாள், விழவில்லை, விழுந்திருந்தால் பின்னாலேயே லாரி. “கண்ணு தெரியலயா உனக்கு” என்று கத்தினாள். எல்லோரும் ரோட்டில் கத்துகிற வார்த்தைதானே அது, தினம் பத்துப் பேர் பத்துப் பேரைப் பார்த்துக் கத்துகிறார்கள். நான் வண்டியை ஓரம் கட்டிவிட்டு ஒரு பேக்கரி வாசலில் அரை மணி நேரம் நின்றேன். அந்த வார்த்தை போகவில்லை. அதற்குப் பிறகு வேலைக்குக் கம்பெனி வேனில்தான் போகிறேன். பெட்ரோல் விலை என்று பரிமளாவிடம் சொன்னேன். அவள் ஒன்றும் கேட்கவில்லை, வழக்கமாகக் கேட்பாள்.

ஏழாவது தடவை. இந்தத் தடவை பழைய இரண்டு வெளிச்ச மோடுகளையும் வேரோடு எடுத்தேன், கம்ப்யூட்டரை அணைத்துப் போட்டேன், மூன்றாவதைப் புதிதாக இறக்கினேன். கறுப்பு, மலை, சின்னம், முரசு. சின்னத்துக்கு நடுவிலேயே பார்வையைக் குத்திவைத்துக்கொண்டு இமைக்காமல் பார்த்தேன், இமைக்கிற நேரத்தில் வந்துவிட்டுப் போய்விடக் கூடாதே என்று. ஒன்று, இரண்டு, மூன்று, நாலு, ஐந்து. கண்ணில் தண்ணீர் வந்தது. வரி வரவில்லை. சரி, பாதிப் பாதியாகப் போவோம் என்று நூற்றுப் பதினாலில் ஐம்பத்தேழை நிறுத்திவிட்டுத் திறந்தேன், எட்டாவது தடவை, இல்லை. மற்ற ஐம்பத்தேழை நிறுத்திவிட்டு இதை ஓடவிட்டேன், ஒன்பது, இல்லை. அப்படியென்றால் தப்பு இந்தப் பாதியிலும் இல்லை, அந்தப் பாதியிலும் இல்லை. அல்லது இரண்டிலும் இருக்கிறது. அல்லது இரண்டுக்கும் வெளியே. வெளியே என்றால் எங்கே. இந்த இடத்தில் என் யோசனை நின்றுவிடுகிறது, கயிற்றின் நீளம் முடிந்த மாடு மாதிரி. கயிறு என்றா சொன்னேன்.

அப்பா பல்லடத்தில் விசைத்தறி ஓட்டினார். எனக்கு இருபத்திரண்டு வயது இருக்கும்போது அவருக்கு ஐம்பது. தறிக்கூடத்து பல்பு நாற்பதை எடுத்துவிட்டு அறுபது போடச் சொன்னார். அறுபதை எடுத்துவிட்டு நூறு. வீட்டிலும் நூறு. என்ன எழவு கரண்டுடா இது, செத்த கரண்டு என்பார். அம்மா, சமையற்கட்டில் உட்கார முடியவில்லை, பல்பு சூட்டில் தலை வலிக்கிறது என்றாள். அதற்கும் மேலே இருநூறு கிடைக்குமா என்று என்னைக் கேட்டார். கிடைத்தது, வாங்கி மாட்டினேன், ஸ்டூலில் ஏறி நானே மாட்டினேன், கீழே நின்றுகொண்டு அண்ணாந்து, “எரியுதாடா?” என்று கேட்டார். எரிந்துகொண்டிருந்தது. எனக்குக் கண் கூசியது. எரியுதுங்கப்பா என்றேன். ஆங், இப்பத்தான் கொஞ்சம் பரவால்ல என்றார். எங்கள் மூன்று பேருக்கும் அந்த நிமிடம் தெரிந்திருக்க வேண்டும். தெரிந்தும் மூன்று பேரும் கரண்டைப் பற்றியே இன்னும் ஒரு வருடம் பேசினோம். ஆஸ்பத்திரிக்குப் போனபோது அந்த டாக்டரம்மா, கண்ணுக்குள்ளே அழுத்தம், பார்வையை ஓரத்திலிருந்து தின்றுகொண்டே வரும், வலிக்காது, அதனால் தெரியாது, இரண்டு வருடம் முன்னால் வந்திருந்தால் சொட்டு மருந்திலேயே நிறுத்தி வைத்திருக்கலாம் என்றார். அப்புறம் என்னைத் திரும்பிப் பார்த்து, “இது குடும்பத்துல வரும் தம்பி, நீங்க வருசத்துக்கு ஒருக்கா வந்து காட்டணும்” என்றார். இரண்டு வருடம் போனேன். ஒன்றும் இல்லை என்றார்கள். பிறகு கல்யாணம், மிருதுளா பிறந்தாள், லேப் வேலை, லோகநாதன் கண்ணு. கண்ணுக்காரனுக்குக் கண் பரிசோதனை எதற்கு. வீட்டில் கட்டிலின் காலிலிருந்து பின்பக்கக் கக்கூஸ் கதவு வரைக்கும் பச்சை நைலான் கயிறு கட்டினோம், இடையில் படி இருக்கிற இடத்தில் ஒரு முடிச்சு, திரும்புகிற இடத்தில் இரண்டு முடிச்சு. பதினோரு வருடம் அப்பாவின் ஊர் அந்தக் கயிற்றின் நீளம்தான். செத்த பிறகு அந்தக் கயிற்றை அவிழ்த்தவன் நான். அவர் கை போய்ப் போய் பச்சை உதிர்ந்து வெள்ளையாகி வழவழவென்று இருந்தது. எங்கே போட்டேன் அதை. எங்கேயோ போட்டேன். மிருதுளா ஈரோட்டில் ஹாஸ்டலில் இருக்கிறாள், கண்ணாடிகூடப் போடவில்லை, நல்ல கண், என் கண். என் கண் என்று எல்லோரும் சொல்வார்கள்.

போன் அடித்தது. ஆன்றோ. நாகர்கோவில் பக்கம் போன் ரிப்பேர் கடை வைத்திருக்கிறான், நேரில் பார்த்ததில்லை, இந்த மோடு குரூப்பில் பழக்கம், நான்கு வருடமாக அவன் குரல் மட்டும்தான்.

“அண்ணே, கேறிச்சா?”

“ஏறலப்பா. ஒம்பது தடவ பாத்துட்டேன். அந்த வரி வரமாட்டேங்குது.”

“வராம எங்க போகும்? நீங்க அனுப்புன போட்டோவ எல்லாம் பாத்தேன். கோப்பு எல்லாம் சரியாத்தான் கெடக்கு. எனக்கு ஒரே அடியில வந்துச்சு.”

“எனக்கு வரல ஆன்றோ.”

“உள்ள போய்ப் பாத்தீங்களா? வெளிச்சம் மாறியிருக்கா இல்லியா?”

“கொஞ்சம் மாறின மாதிரி இருக்குது. கொஞ்சம்.”

அவனுக்குப் பின்னால் யாரோ ஸ்கிரீன் கார்டு கேட்கிற சத்தம். “கொஞ்சமா?” என்றான். “அண்ணே, அது போட்டா கொஞ்சம் இல்லண்ணே, பளீர்னு அடிக்கும். நான் பாதியா கொறச்சு வச்சிருக்கேன். ஒண்ணு செய்யுங்க, வீட்டுல வேற யாரயாவது பாக்கச் சொல்லுங்க. சிலநேரம் நாம பாத்துப் பாத்து மரத்துப் போயிருவோம்.”

சரி என்று வைத்தேன். மரத்துப் போயிருவோம். நல்ல பையன், நல்ல வார்த்தையாகத் தேர்ந்தெடுத்துக் கொடுத்திருக்கிறான். வேறு யாரையாவது. வேறு யாரையாவது என்றால் பரிமளாவைத்தான், பரிமளாவை உட்காரவைத்து இதைப் பார் என்று சொல்ல எவ்வளவு நேரமாகும், ஒரு நிமிடம். காலையிலிருந்து ஐந்து மணி நேரம் போனது, அந்த ஒரு நிமிடத்தைத் தாண்டித் தாண்டியே போயிருக்கிறேன். கதவை மூடியே வைத்திருப்பது வெளிச்சத்துக்காக மட்டுமா. சரி, ஒரு பேச்சுக்கு வைத்துக்கொள்வோம், ஆஸ்பத்திரிக்குப் போகிறேன். போனால் பார்ப்பார்கள், பார்த்தால் எழுதுவார்கள், எழுதினால் அது காகிதம், காகிதம் என்று ஒன்று வந்துவிட்டால் அதை வைத்துக்கொண்டு நான் எப்படி நாளைக்கு அந்தப் பெட்டிக்கு முன்னால் உட்கார முடியும், மேனேஜர் கண்ணைப் பார்த்து எப்படி இது சரி, இது இல்லை என்று சொல்ல முடியும். வேலை போகும். நாற்பத்து நான்கு வயதில் நிறம் பார்ப்பதைத் தவிர எதுவும் தெரியாதவனுக்கு யார் வேலை கொடுப்பார்கள். அதனால் போகக் கூடாது. போகாவிட்டால் ஓரத்திலிருந்து தின்றுகொண்டே வரும். வந்தால் வேலை போகும், அதோடு எல்லாம் போகும். அதனால் போக வேண்டும். போனால் எழுதுவார்கள். இந்த வட்டத்தை நான் தை மாதத்திலிருந்து சுற்றுகிறேன், எந்தப் பக்கமாகச் சுற்றினாலும் ஒரே இடத்தில் முட்டுகிறேன், முட்டியதும் வந்து இந்த நாற்காலியில் உட்கார்ந்து புல்லுக்கு ஒரு மோடு, தண்ணீருக்கு ஒரு மோடு. இருக்காது. ஒன்றும் இருக்காது. தூக்கம் போதவில்லை, வயசு, சாய நெடி, லைட் பாக்ஸ் வெளிச்சம். நேற்றுகூட ஒரு மெரூனைச் சரியாகப் பிடித்தேனே. மெரூனைப் பிடித்தவனுக்கு என்ன கேடு. ஆனால் பிடித்தபோது துணியைக் கண்ணுக்கு நேராகத் தூக்கிப் பிடித்தேன், முன்னெல்லாம் மேஜையில் கிடக்கும்போதே போகிற போக்கில் சொல்வேன். நேராகத் தூக்கினால் தெரிகிறது. நேராக இருக்கிற வரைக்கும் தெரிகிறது. அப்பா கண் மொத்தமாகப் போகிற வரைக்கும் செய்தித்தாள் தலைப்பை ஒவ்வொரு எழுத்தாகப் படித்தார், குழாய்க்குள்ளே இருந்து பார்க்கிற மாதிரி இருக்குதுடா என்றார். குழாய் சின்னதாகிக்கொண்டே போய் ஒருநாள் அடைத்துக்கொண்டது.

ஆட்டத்துக்குள் போனேன். குகை. அந்த மோடு ஏறவில்லை என்றே வைத்துக்கொண்டு ஆட்டத்தின் சொந்த வெளிச்சத்தையே கடைசி வரைக்கும் கூட்டினேன், திரையின் வெளிச்சத்தையும் அடியிலிருக்கும் பொத்தானை அழுத்தி நூறுக்குக் கொண்டுபோனேன். பரவாயில்லை. இப்போது கொஞ்சம் பரவாயில்லை. படி தெரிகிறது. அப்போது கதவு திறந்தது.

“டீ கொண்டாந்தேன், கத்தாதீங்க,” என்று சொல்லிக்கொண்டே வந்த பரிமளா, நாற்காலிக்குப் பின்னால் வந்ததும் நின்றுவிட்டாள். “ஐயோ, என்னுங்க இது.”

திரும்பிப் பார்த்தேன். டம்ளரை ஒரு கையில் பிடித்துக்கொண்டு இன்னொரு கையைக் கண்ணுக்குக் குறுக்கே வைத்திருந்தாள்.

“வெல்டிங் பத்தவெச்ச மாதிரி இருக்குது. கண்ணு கூசலீங்களா உங்களுக்கு?”

“குகை இது. இருட்டா இருக்கும்.”

“எதுங்க இருட்டு? வெட்டவெயிலாட்டம் அடிக்குது. எல்லாம் வெளுத்துப் போயிக் கெடக்குது.”

ஆட்டத்தை மூடினேன். ஏன் மூடினேன் என்று தெரியாமல் மறுபடியும் திறந்தேன், பத்தாவது தடவை, கை பழகிப்போய்த் தானாகச் செய்கிறது. கறுப்பு, மலை, சின்னம், முரசு. “பாரு,” என்றேன், “இதுதான் காலைல இருந்து. வரமாட்டேங்குது.”

“என்ன வரமாட்டேங்குது?”

“எழுத்து. வெள்ளையா ஒரு வரி எழுத்து வரணும்.”

“அதுதான் வந்துச்சுங்களே.”

“எங்க?”

“மேலுக்கு. அந்த மூலைல. இங்கிலீஸ்ல என்னமோ ஓடுச்சு, அப்பறம் மறஞ்சுருச்சு.” பிறகு குரல் கொஞ்சம் தாழ்ந்தது. “நீங்க பாக்கலீங்களா?”

“இன்னொருக்கா போடறேன். வந்தா சொல்லு.”

மூடித் திறந்தேன். சின்னத்தின் நடுவில் பார்வையை வைத்துக்கொண்டு உட்கார்ந்திருந்தேன். “வந்துருச்சு,” என்றாள். “இருக்குது. இங்க, இங்க பாருங்க. இந்தா, போயிருச்சு.” இங்க என்று எதைச் சொல்கிறாள் என்று தலையைத் திருப்பினேன். அவள் என் தோளுக்கு மேலாகக் கையை நீட்டித் திரையின் இடது மேல்மூலையைத் தொட்டுக்கொண்டிருந்தாள். அந்த விரல் எனக்குத் தெரியவில்லை. எழுத்தை விடு, எழுத்து சின்னது. ஒரு முழங்கை, ஒரு விரல், என் கண்ணுக்கும் திரைக்கும் நடுவே நீட்டியிருந்தது, நான் திரும்பிப் பார்க்கிற வரைக்கும் அது அங்கே இல்லை. இருட்டாகக்கூட இல்லை. அந்த இடத்தில் மலையும் பனியும்தான் இருந்த மாதிரி இருந்தது. மூன்றாவது தடவை அந்த மூலையையே பார்த்துக்கொண்டு திறந்தேன். வந்தது. வெள்ளை எழுத்து, ஒவ்வொரு எழுத்தும் ஊசியால் குத்தின மாதிரி தெளிவாக, மூன்று நொடி இருந்தது, போனது. காலை பத்தரைக்கு முதல் தடவையே ஏறியிருக்கிறது. ஒவ்வொரு தடவையும் ஏறியிருக்கிறது.

பரிமளா டம்ளரை மேஜையில் வைத்தாள். ஜன்னலுக்குப் போய்ப் போர்வையை அவிழ்த்தாள். நான் தடுக்கவில்லை. நாலு மணி வெயில் உள்ளே வந்து தரையில் விழுந்தது. கட்டிலின் ஓரத்தில் உட்கார்ந்துகொண்டு அவள், “மாசில இருந்தே எனக்குத் தெரியுமுங்க,” என்றாள்.

“என்ன தெரியும்?”

“கோயில்ல படி எறங்கறப்ப ஒரு பொட்டப்புள்ளய மிதிச்சுட்டீங்க. அது உங்க முன்னால எடதுபக்கம் உக்காந்துட்டே இருந்துச்சு. அன்னைல இருந்து நான் உங்க இந்தப்பக்கமாத்தான் நடக்கறேன். நீங்க கவனிக்கல.” புடவைத் தலைப்பால் முகத்தைத் துடைத்தாள், வியர்வையைத் துடைக்கிற மாதிரி. “சொம்ப அந்தப்பக்கம் மாத்தி வெச்சேன். பீரோக் கதவத் தொறந்து போடறதில்ல. நீங்களே சொல்லுவீங்கன்னு இருந்தேன். மாமாவுக்கு இருந்ததுன்னு கல்யாணத்துல இருந்தே தெரியுமில்லீங்க எனக்கு.”

கோபம் வந்தது. முதலில் வந்தது கோபம்தான், இவ்வளவு நாள் என்னை வேவு பார்த்தாளா என்று. அப்புறம் அது நிற்க இடம் இல்லாமல் போய்விட்டது. “நாளைக்குப் பரீட்ச இருக்குது பரிமளா,” என்றேன். என் குரல் எனக்கே ஸ்கூல் பையன் குரல் மாதிரி கேட்டது. “ஆஸ்பத்திரிக்குப் போனா எழுதிருவாங்க.”

“எழுதட்டும்.”

“வேல போயிரும்.”

“போனாப் போகுது. கண்ணு போயி வேல இருந்து என்னங்க பண்றது?” சொல்லிவிட்டு எழுந்தாள். “இப்புடித் திரும்புங்க. என் மூக்கயே பாருங்க. வேற எங்கயும் பாக்கக் கூடாது. நான் கைய நீட்டி ஆட்டிக்கிட்டே கிட்டக் கொண்டாருவேன். தெரிஞ்ச ஒடனே தெரியுதுன்னு சொல்லுங்க.”

நாற்காலியை அவள் பக்கம் திருப்பிப் போட்டேன். அவள் மூக்கைப் பார்த்தேன். மூக்குத்தி, சிவப்புக் கல், அதில் ஜன்னல் வெயில். நல்ல சிவப்பு, நீலம் கலக்காத சிவப்பு. இருபது வருடமாகப் பார்க்கிற முகம், நடுவில் இருப்பதால் முழுசாக இருந்தது. முதலில் வலதுபக்கம் நீட்டினாள். சீக்கிரமே தெரிந்தது, தெரியுது என்றேன். பிறகு இந்தப்பக்கம். போன வாரம் சொந்தத்தில் ஒரு வளைகாப்புக்குப் போய்க் கை நிறையக் கண்ணாடி வளையல் போட்டுக்கொண்டு வந்திருந்தாள், கையை ஆட்டியதும் அது குலுங்க ஆரம்பித்தது. எங்கோ தூரத்தில், ஜன்னல் பக்கம், இடதுபுறத்தில். வளையல் குலுங்கிக்கொண்டே வந்தது. நான் மூக்குத்தியைப் பார்த்துக்கொண்டிருந்தேன். சத்தம் என் தோளுக்கு நேரே வந்தது. அங்கே சுவர் இருந்தது, காலண்டர் இருந்தது, கை இல்லை. சத்தம் காதுக்கு அருகில் வந்தது, கன்னத்துக்கு நேரே வந்தது. கை இல்லை. அவள் உதடு கொஞ்சம் கொஞ்சமாகக் கோணுவது தெரிந்தது, ஏனென்றால் அது நடுவில் இருந்தது. ஆட்டுவதை நிறுத்தாமல் இன்னும் கொண்டுவந்தாள். அவளுடைய காதுக்குப் பக்கத்தில் விரல்கள் திடீரென்று முளைத்தன.

“தெரியுது,” என்றேன்.

“அவ்வளவு ஒண்ணும் மோசமில்லீங்க,” என்றாள். “முக்கால்வாசி தெரியுது.”

சத்தம் எங்கிருந்து கிளம்பியது என்று நான் கேட்டுக்கொண்டே இருந்தேன் என்பது அவளுக்குத் தெரியாது. அவள் கை தாழ்ந்து மறுபடியும் அந்த இல்லாத பக்கத்துக்குப் போய்விட்டது, வளையல் மட்டும் சின்னதாகக் குலுங்கிக்கொண்டே இருந்தது. சத்தம் வந்த இடத்தில் கையை விட்டுத் துழாவி அவளுடைய மணிக்கட்டைப் பிடித்தேன். பிடித்ததும் சத்தம் நின்றது.

“கண்ணாஸ்பத்திரி,” என்றேன், “காலைல எத்தன மணிக்குத் தொறப்பாங்க?”